அண்டை வீட்டாரின் ஆட்சேபணை



நகரத்தில் வாழ்வோர் யாவரும் அறிந்த காட்சி ஒன்றுண்டு. நேற்றுவரை ஒரு குடும்பம் வாழ்ந்திருந்த அடுத்த வீட்டில் திடீரெனக் கொத்தனார் வந்து முன்சுவரை இடிப்பார். சன்னல் இருந்த இடத்தில் இரும்பு ஷட்டர் ஏறும். பத்து நாட்களில் பெயர்ப்பலகை மாட்டப்பெறும். அதன்பின் காலையில் சரக்கு வண்டியும், மாலையில் வாடிக்கையாளரின் வாகனங்களும், இரவில் ஜெனரேட்டரின் ஒலியும் தெருவை ஆளத் தொடங்கும். பக்கத்து வீட்டில் குடியிருப்பவர் முதலில் சினங்கொள்வார். சினம் தணிந்தபின் ஒரு தாளை எடுத்து விண்ணப்பம் எழுதுவார்.

தில்லியில் வாழும் நாமும் சில ஆண்டுகட்கு முன் அத்தகைய விண்ணப்பம் ஒன்றை எழுத நேர்ந்தது. எமக்காக அன்று, எம் தெருவில் குடியிருக்கும், பணி ஓய்வு பெற்ற தமிழ்ப் பெரியவர் ஒருவருக்காக. அவருடைய வீட்டுச் சுவரை ஒட்டிய வீடு திருமண விருந்துகள் நடைபெறும் கூடமாக மாறியிருந்தது. மத்திய அரசில் மொழிபெயர்ப்பாளராய் இருப்பவருக்கு எல்லா விண்ணப்பங்களும் எழுத வரும் என்று அண்டை அயலார் நம்புவது இயல்பே. நாமும் மறுக்கவில்லை. எழுதிக் கொடுத்த தாளைப் பெரியவர் உரிய அலுவலகத்திற்கு எடுத்துச் சென்றார். அங்கே அதனைப் பெற்றுக்கொண்டவர், "வீடு அவருடையது, வரி கட்டுபவரும் அவர், இதில் ஆட்சேபிக்க உங்களுக்கு என்ன உரிமை?" என்று கேட்டாராம்.

பெரியவர் விடை கூறாமல் திரும்பி வந்துவிட்டார். வந்தவர் அதே வினாவை எம்மிடம் கேட்டார். அலட்சியமாகக் கேட்கப்பட்ட வினாவாயினும் அது எளிய வினா அன்று. தன் சொந்த மனையில் ஒருவர் செய்யும் தொழிலைத் தடுக்க அடுத்த மனைக்காரருக்கு எங்கிருந்து உரிமை வந்தது? இவ்வினாவுக்கு விடை காண நியாயஸ்தலங்கள் நூற்றைம்பது ஆண்டுகட்கு மேலாக முயன்றுள்ளன. அவ்வரலாற்றையே இன்று காணப் புகுகின்றோம்.

பழைய விடை 'தொல்லை' என்னும் ஒரு சொல்லில் அடங்கியிருந்தது. இங்கிலாந்தின் பொதுச் சட்டம், ஒருவன் தன் உடைமையைப் பிறர்க்குத் தீங்கு நேராதவாறு துய்க்கவேண்டும் என்றது. இதற்கு எல்லோரும் எடுத்துக்காட்டும் வழக்கு, 1879-ஆம் ஆண்டில் லண்டனில் தீர்ப்பான மிட்டாய்க்காரர் வழக்கு. விக்மோர் தெருவில் மிட்டாய் செய்யும் ஒருவர், தம் வீட்டின் பின்புறத்து அடுக்களையில் பெரிய சலவைக்கல் உரல்களை நிறுத்திச் சர்க்கரை முதலியவற்றை இடித்து வந்தார். இருபது ஆண்டுகட்கு மேலாக இவ்வேலை நடந்தது, யாரும் முறையிடவில்லை. அவருடைய கொல்லையை அடுத்து விம்போல் தெருவில் ஒரு மருத்துவர் வாழ்ந்தார். அவர் 1873-இல் தம் தோட்டத்தின் கோடியில், அந்த அடுக்களைச் சுவரை ஒட்டி, நோயாளரைப் பார்க்கும் அறை ஒன்றைக் கட்டினார். அதன் பின்னரே இடிக்கும் ஒலி அவருக்குக் கேட்டது. நோயாளியின் நெஞ்சொலியைக் கேட்க முடியாமற் போயிற்று. வழக்குத் தொடுத்தார், வென்றார். "நான் நெடுங்காலமாய்ச் செய்துவரும் தொழில்" என்ற மிட்டாய்க்காரரின் வாதம் செல்லவில்லை. தொல்லை எனத் தக்க நிலை, மருத்துவரின் அறை எழுந்த பின்னரே தோன்றியது; ஆகவே பழைய வழக்கம் என்ற உரிமை வளரவே இல்லை என்பது நீதிபதிகளின் கருத்து. அமைதியான மாளிகைப் பகுதியில் தொல்லை எனப்படுவது தோல் பதனிடுவோர் வாழும் பகுதியில் தொல்லை ஆகாது என்றும் அவர்கள் கூறினர். ஓர் இடத்தின் இயல்பு இன்னதெனச் சட்டம் முதலில் கண்டறிய வேண்டும் என்ற எண்ணத்திற்கு அத்தீர்ப்பு வலுவூட்டியது.

வேடிக்கை என்னவெனில், இவ்வழக்கில் மருத்துவரும் தம் வீட்டின் ஒரு பகுதியைத் தொழிலுக்குத்தான் பயன்படுத்தினார். அவ்வூர் நீதிபதிகளுக்கு அது உறுத்தவில்லை. வீட்டில் இருந்து மருத்துவம் பார்ப்பதும் வீட்டில் இருந்து மிட்டாய் இடிப்பதும் ஒன்றல்ல என்ற உணர்வு பின்னாளில் இந்தியாவிலும் தலைகாட்டியதைப் பிறகு பார்ப்போம்.

மற்றொரு விடை ஒப்பந்தத்தில் இருந்தது. லண்டனில் லெஸ்டர் சதுக்கத்தின் நடுவிலுள்ள தோட்டத்தை அதன் உடைமையாளர் 1808-இல் விற்றபோது, அது தோட்டமாகவே இருத்தல் வேண்டும் என்று உறுதிமொழி வாங்கியிருந்தார். பல கைகள் மாறியபின் அதை வாங்கிய ஒருவர், உறுதிமொழியை அறிந்திருந்தும், கட்டிடம் எழுப்ப முயன்றார். 1848-இல் நீதிமன்றம் அவரைத் தடுத்தது. அறிந்து வாங்கியவர் முன்னவர் கொடுத்த வாக்கிலிருந்து தப்ப முடியாது என்பது அதன் சாரம். இந்நெறி 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டத்தின் 40-ஆம் பிரிவு வாயிலாக நம் நாட்டிலும் புகுந்தது.

தொல்லை பற்றிய சட்டமும் இங்கு நன்றாகவே வேரூன்றியது. நம் நாட்டில் அதன் இலக்கணமான வழக்குகளில் லண்டன் உரலின் இடத்தை மாவு மில் பிடித்துக்கொண்டது. வீட்டை அடுத்து வைக்கப்பட்ட மாவு மில்லின் ஓசையைப் பற்றி 1959-இல் மத்தியப் பிரதேச உயர்நீதிமன்றம் கூறிய தீர்ப்பு இன்றளவும் எடுத்தாளப்படுகிறது. தொழில் சட்டத்திற்கு உட்பட்டது என்பது மட்டும் ஓசைக்குச் சமாதானம் ஆகாது; அதே வேளையில், அளவுகோல் சாதாரண மனிதனின் செவியே அன்றி, எதற்கும் துணுக்குறும் மென்செவி அன்று என்ற நெறிகளை அது வகுத்தது. 1978-இல் வெளியான அலகாபாத் உயர்நீதிமன்றத் தீர்ப்பிலும் மாவு மில்லே பொருள். மாடியில் குடியிருப்பவர் கீழ்த்தளத்தில் இயந்திரம் வைப்பதை எதிர்த்தார். ஏற்கெனவே சந்தடி மிக்க இடம் என்பதால் மேலும் சந்தடி செய்ய யாருக்கும் உரிமை பிறந்துவிடாது என்று நீதிமன்றம் அவருக்குத் துணை நின்றது.

எனினும் தொல்லைச் சட்டத்திற்கு ஓர் எல்லை உண்டு. மாவு மில் ஓசை எழுப்பும், புழுதி கிளப்பும், சுவரை அதிரச் செய்யும். அவற்றைச் சாட்சி வைத்து மெய்ப்பிக்கலாம். ஆனால் அடுத்த வீடு ஒரு வங்கிக் கிளையாகவோ, துணிக்கடையாகவோ, பயிற்சிக் கூடமாகவோ மாறினால் என் செய்வது? அங்கே அதிரும் இயந்திரம் ஒன்றுமில்லை. வருவோர் போவோரின் நெரிசல், வாயிலை மறைத்து நிற்கும் வாகனங்கள், குழந்தைகள் விளையாட இயலாத தெரு என இவை ஒவ்வொன்றும் தனியே சிறியவை. ஒரு கடைக்கு எதிராக வழக்காடினால் 'இது தொல்லையா?' என்று நீதிபதி புருவம் உயர்த்துவார். பத்தாவது கடை வந்தபின் வழக்காடினால், 'இது கடைத்தெரு அன்றோ!' என்பார். இடத்தின் இயல்பே சான்று என்ற பழைய நெறி, இயல்பு மாறிவிட்ட இடத்தில் குடியிருப்போர்க்கு எதிராகவே திரும்பிவிடும்.

இக்குறையை நீக்கவல்லதாகத் தோன்றியது நகரமைப்புச் சட்டம். 1915-இல் பம்பாய் மாகாணமும் 1920-இல் சென்னை மாகாணமும் நகரமைப்புச் சட்டங்களை இயற்றின. ஒரு பகுதி வாழ்வதற்கு, ஒரு பகுதி வாணிகத்திற்கு, ஒரு பகுதி தொழிற்சாலைக்கு என்று முன்கூட்டியே வகுத்துவிட்டால், ஒவ்வொரு ஒலிக்கும் ஒவ்வொரு வழக்கு வேண்டியதில்லை. வரைபடமே விடை சொல்லும். ஆனால் அவ்வரைபடத்தைக் காப்பவர் யார்? நகரசபை. அது காக்கத் தவறினால்? இங்கேதான் பெரியவரிடம் கேட்கப்பட்ட வினா மீண்டும் எழுகிறது. திட்டம் அரசுக்கும் மனைக்காரருக்கும் இடைப்பட்டது. அடுத்த வீட்டார் அதில் மூன்றாம் மனிதர். தலைநகரின் குத்தகைப் பத்திரங்களிலும் இந்நிலையே. 'குடியிருப்புக்கு மட்டுமே' என்று பத்திரத்தில் எழுதியிருக்கும். ஆனால் அவ்வாசகத்தை மீறியவர்மீது நடவடிக்கை எடுக்கவேண்டியவர் நிலத்தைக் கொடுத்த அரசே. பக்கத்து வீட்டுக்காரரின் கையொப்பம் அதில் இல்லை.

இந்த மூன்றாம் மனிதரை வழக்கின் நடுவே கொணர்ந்து நிறுத்திய பெருமை, பெருநகர் எதற்கும் உரியதன்று, உடுப்பிக்கு உரியது. கிருஷ்ணன் கோயிலாலும் சிற்றுண்டிச் சாலைகளாலும் தமிழர் நன்கறிந்த அவ்வூர், 1956-ஆம் ஆண்டின் மாநிலச் சீரமைப்பு வரை சென்னை மாநிலத்தின் தென்கன்னட மாவட்டத்தைச் சேர்ந்தது. அவ்வூருக்கு ஒரு நகரமைப்புத் திட்டம் இருந்தது. குடியிருப்புக்கென ஒதுக்கிய பகுதியில் சினிமாக் கொட்டகை கூடாது என்பது அதன் விதி.

அப்பகுதியில் ஒருவர், கல்யாண மண்டபமும் சொற்பொழிவு மண்டபமும் சேர்ந்த கட்டிடம் ஒன்றைக் கட்ட நகரசபையிடம் அனுமதி பெற்றார். இதில் யாருக்கும் வருத்தம் இல்லை. கல்யாண மண்டபத்தை யார் வெறுப்பர்? (எம் தெருப் பெரியவர் வெறுப்பார், அது வேறு கதை.) பின்னர் அக்கட்டிடத்தையே சினிமாக் கொட்டகையாக மாற்ற அனுமதி வேண்டினார். நகரசபையும் தீர்மானம் நிறைவேற்றி ஒப்புதல் அளித்தது. அப்பகுதியில் குடியிருந்த ஒருவர் உயர்நீதிமன்றம் சென்றார்.

உயர்நீதிமன்றம் நகரசபையின் செயல் திட்டத்திற்கு முரணானது என்பதை ஏற்றுக்கொண்டது. ஆயினும் கட்டிடம் கட்டியவர் பெரும்பொருள் செலவிட்டுவிட்டார் என்பதைக் கருதித் தலையிட மறுத்தது. நேயர்கள் இவ்விடத்தில் சற்று நின்று எண்ணிப் பார்த்தல் வேண்டும். தவறு என்று ஒப்புக்கொண்ட பின்னரும், செலவாகிவிட்டது என்பதற்காகத் தவற்றை விட்டுவைப்பது நம் நாட்டுக்குப் புதிதன்று. முதலில் கட்டிவிடு, பின்னர் இரக்கம் கேள் என்பது கட்டிடம் கட்டுவோர் பலர் அறிந்த சூத்திரம். அந்தச் சூத்திரத்திற்கு நீதிமன்றத்தின் ஒப்புதலும் கிடைத்துவிட்டது போல் ஆயிற்று.

வழக்காடியவர் சோர்ந்துவிடவில்லை; உச்சநீதிமன்றம் சென்றார். 1974-இல் தலைமை நீதிபதி ஏ. என். ரே வழங்கிய தீர்ப்பு மிக நீண்டதன்று. ஆனால் அதில் உள்ள ஒவ்வொரு கருத்தும் அதன்பின் பல வழக்குகளில் எதிரொலித்தது. சட்டம் கொடுக்காத அதிகாரத்தை நகரசபை எடுத்துக்கொண்டால், யார் வாளாவிருந்தாலும், யார் எவ்வளவு பணம் போட்டிருந்தாலும், அச்செயல் செல்லுபடியாகாது என்றது. அதற்கு மேல் ஒரு படி சென்று, நம் வினாவுக்கு நேரிய விடையையும் அது பகர்ந்தது. குடியிருப்புப் பகுதியில் சட்டத்திற்குப் புறம்பாக எழும் கொட்டகை, அங்கு வாழ்வோர் தத்தம் உடைமையைத் துய்க்கும் உரிமையையே பாதிக்கிறது. திட்டம் மக்களின் நன்மைக்கென ஏற்பட்டது. அதனை நகரசபை காப்பாற்றுவதில் அப்பகுதியில் வசிப்போர் அனைவர்க்கும் சொந்த அக்கறை உண்டு என்றது.

இதில் உள்ள புதுமையை விளக்குதல் நலம். பழைய சட்டத்தில் பக்கத்து வீட்டுக்காரர் தமக்கு நேர்ந்த தொல்லையை அளந்து காட்டவேண்டும். உடுப்பித் தீர்ப்புக்குப் பின் அவர் ஓசையின் அளவைக் கூறவேண்டியதில்லை. வரைபடம் மீறப்பட்டது, நான் அவ்வரைபடத்துக்குள் வாழ்பவன் என்று கூறினால் போதும். மூன்றாம் மனிதர் முதல் வரிசைக்கு வந்துவிட்டார். பெங்களூரின் சதாசிவநகரில் பூங்காவுக்கென ஒதுக்கிய இடத்தை மருத்துவமனை கட்ட ஓர் அறநிலையத்திற்குக் கொடுத்தபோது, அங்கு வசிப்போர் தொடுத்த வழக்கிலும் 1991-இல் உச்சநீதிமன்றம் இவ்வழியே சென்றது. மருத்துவமனை நற்பணி அன்றோ என்ற வாதம் அங்கே எடுபடவில்லை.

இவ்வளவும் கேட்ட நேயர்கள், வழக்கு முடிந்தது என எண்ணக்கூடும். உண்மையில் சிறிய ஊரில் ஒரு கொட்டகைக்கு எதிராக வென்ற நெறி, பெருநகரில் ஆயிரக்கணக்கான கடைகளுக்கு எதிராக என்ன ஆகும் என்பதே கடினமான பகுதி. அதற்கு நாம் தில்லிக்கு வருவோம்.

தேசப் பிரிவினைக்குப் பின் தில்லியில் வந்து குவிந்த அகதிகள் புதிய குடியிருப்புகளில் அமர்த்தப்பெற்றனர். ஒரு சிறு மனையும் இரண்டு கைகளுமே அவர்களிற் பலர்க்கு முதல். வீட்டின் முன்னறையில் கடை வைத்தனர், மேலே குடியிருந்தனர். ஷாஜஹான் கட்டிய பழைய நகரத்திலும் கீழே கடை, மேலே வீடு என்பதே முறை. ஆகவே வீடும் கடையும் ஒன்றாயிருத்தல் இம்மண்ணுக்கு அந்நியம் அன்று. இரண்டையும் கோடு போட்டுப் பிரித்ததே புதுமை என்று வாதிடுவோரை நாம் எளிதில் ஒதுக்கிவிட இயலாது.

அக்கோடு 1962-இல் போடப்பட்டது. 1955-ஆம் ஆண்டின் இறுதியில் குடிநீர் மாசுற்று நகரெங்கும் மஞ்சட்காமாலை பரவியது தில்லியின் திட்டமிடலை விரைவுபடுத்திய காரணங்களுள் ஒன்று. 1957-இல் தில்லி வளர்ச்சிச் சட்டம் வந்தது. 1962 செப்டம்பர் 1 முதல் முதற் பெருந்திட்டம் நடைமுறைக்கு வந்தது. திட்டத்தில் குறித்த பயன்பாட்டுக்கு மாறாக எவரும் நிலத்தையோ கட்டிடத்தையோ பயன்படுத்தலாகாது என்பது அச்சட்டத்தின் 14-ஆம் பிரிவு. தெளிவான வாசகம். மொழிபெயர்ப்பவர்க்குச் சிறிதும் இடர் தராத வாசகம். ஆனால் வாணிகத்திற்கெனத் திட்டம் குறித்த மையங்கள் உரிய காலத்தில் உரிய அளவில் எழவில்லை. மக்கள்தொகை காத்திருக்கவில்லை. கடைகள் வீடுகளுக்குள் நுழைந்தன. வாடகை ஆசையால் நுழைந்தவை உண்டு. வேறிடம் இன்மையால் நுழைந்தவையும் உண்டு. அதிகாரிகள் கண்டுங் காணாது இருந்ததும் உண்டு. அதற்குரிய விலையும் பலர் அறிந்ததே.

சுற்றுச்சூழல் பற்றி எம். சி. மேத்தா 1985-இல் தொடுத்த பொதுநல வழக்கு, தொழிற்சாலைகளிலிருந்து தொடங்கி மெல்ல மெல்ல வீட்டுக்கடைகள் வரை விரிந்தது. குடியிருப்புப் பகுதிகளில் இயங்கிய தொழிற்கூடங்களைப் பற்றி 2004-இலும், வீடுகள் வாணிகத்திற்கு மாறியதைப் பற்றி 2006 பிப்ரவரி 16-இலும் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. திட்டத்திற்கு மாறாகப் பயன்படுத்தப்படும் கட்டிடத்தை மூடி முத்திரையிட மாநகராட்சிக்கு அதிகாரம் உண்டா என்ற ஐயத்தை அத்தீர்ப்பு தீர்த்துவைத்தது: அதிகாரம் உண்டு, அதனைச் செலுத்துதல் கடமையும் ஆம் என்றது. மார்ச்சு மாதத்தில் கண்காணிப்புக் குழு ஒன்றை நியமித்தது. அம்மாத இறுதியில் முத்திரையிடல் தொடங்கியது. 'சீலிங்' என்ற சொல் அந்நாட்களில் தில்லியின் தேநீர்க் கடைகளில் எல்லாம் வழங்கிற்று.

இதற்கு நேரான சொல்லாக நாம் முதலில் 'முத்திரையிடல்' என்றே எழுதினோம். முத்திரை என்றால் நம் மொழியில் ஒப்புதலின் அடையாளம். மோதிரத்திலும் பட்டயத்திலும் இருப்பது. இங்கோ அது ஒரு குடும்பத்தின் வருமானத்தின்மேல் வைக்கப்பட்ட அரக்கு. 'மூடி முத்திரையிடல்' என்று மாற்றினோம். 'மிஸ்யூஸ்' என்ற சொல்லுக்கு 'தவறான பயன்பாடு' என்று எழுதியபோதும் பேனா தயங்கியது. பால் விற்பதும் துணி தைப்பதும் எங்ஙனம் தவறாகும்? இடந்தவறிய பயன்பாடு என்பதே சரியான பொருள். குற்றம் தொழிலில் இல்லை. அது நிற்கும் இடத்தில் இருக்கிறது. அச்சொல்லை அச்சிலேற்ற எமக்கு இயலவில்லை. வழக்கில் உள்ள சொல்லே வென்றது.

கடைக்காரர்கள் தெருவில் இறங்கினர். 2006 செப்டம்பர் 20-இல் சீலம்பூரில் எழுந்த கிளர்ச்சியின்போது துப்பாக்கிச் சூடு நிகழ்ந்து உயிர்கள் மாண்டன. இதனை நினைவில் வையாது, குடியிருப்போரின் அமைதியை மட்டும் பாடுதல் நேர்மை ஆகாது. அமைதி வேண்டியவரின் இழப்பு உறக்கம். கடை இழந்தவரின் இழப்பு உணவு. மறுபுறம், எல்லாக் கடைக்காரரும் ஏழையர் என்று கொள்வதும் பொருந்தாது. முத்திரை விழுந்தவற்றுள் பெருஞ்சாலைகளின் ஓரத்திலிருந்த பகட்டான காட்சிக்கூடங்களும் இருந்தன. முன்னறையில் தையல் இயந்திரம் வைத்திருந்தவரும், நான்கு மாடியைக் குத்தகைக்கு விட்டவரும் ஒரே பதாகையின் கீழ் நடந்தனர். அந்தக் கூட்டணியால் பயன்பெற்றவர் பெரும்பாலும் இரண்டாமவரே என்பது எம் கருத்து.

அரசு இடைநின்றது. நீதிமன்றத்துடன் நேரில் பொருதாமல், 2006 மே மாதத்தில் நாடாளுமன்றம் ஒரு தனிச்சட்டம் இயற்றி, நடவடிக்கைகளை ஓராண்டுக்கு நிறுத்திவைத்தது. அதே செப்டம்பரில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட தெருக்களில் வாணிகத்திற்கோ கலப்புப் பயனுக்கோ இடமளிக்கப்பட்டது. 2007 பிப்ரவரியில் வந்த, 2021-ஆம் ஆண்டை எல்லையாகக் கொண்ட பெருந்திட்டம் அவ்வேற்பாட்டைத் தன்னுள் அடக்கிக்கொண்டது. ஓராண்டுக்கென வந்த தனிச்சட்டமோ ஓராண்டில் முடியவில்லை. புதுப்பெயரில் மீண்டும் மீண்டும் பிறந்தது. 2011-க்குப் பின் மூன்றாண்டுக்கு ஒருமுறை நீண்டது. 2023-இல் செய்த திருத்தத்தால் 2026 டிசம்பர் 31 வரை நீட்டிக்கப்பெற்றது. தற்காலிகம் என்ற சொல்லையும் நாம் பலமுறை மொழிபெயர்த்திருக்கின்றோம்.

ஆக, உடுப்பியில் வென்ற பக்கத்து வீட்டுக்காரர் தில்லியில் என்ன பெற்றார்? 'வரைபடம் மீறப்பட்டது' என்பதே அவருடைய வலிய வாதம். வரைபடத்தையே மாற்றிவிட்டால் அவ்வாதம் அடியற்றுப் போகும். உடுப்பியில் நகரசபை சட்டத்தை மீறியது. இங்கே சட்டமே மாறியது. முன்னதை நீதிமன்றம் தடுக்கலாம். பின்னதைத் தடுப்பது அரிது.

ஒரு வேடிக்கையையும் இங்கே சொல்லுதல் வேண்டும். 2021-ஆம் ஆண்டுக்கான பெருந்திட்டம், 20 சதுர மீட்டருக்கு மேற்படாத சிறு கடைகள் வீடுகளின் தரைத்தளத்தில் இருக்கலாம் என்று கூறி ஒரு பட்டியல் தந்தது. காய்கறி, பால், தையல், சலவை, முடிதிருத்தகம் என்று செல்லும் அப்பட்டியலில் 'ஆட்டா சக்கி', அதாவது மாவு மில்லும் இடம்பெற்றுவிட்டது. 1959-இலும் 1978-இலும் நீதிமன்றத்தில் தோற்ற அந்த இயந்திரம், திட்டத்தின் வாயில் வழியே மரியாதையுடன் வீட்டுக்குள் வந்து சேர்ந்தது. திட்டம் அனுமதித்தாலும் ஓசைத் தொல்லைக்குப் பழைய சட்டம் இன்னும் உயிருடன் இருக்கிறது என்பதை மட்டும் நினைவூட்டுவோம்.

வீட்டிலிருந்தே தொழில் புரியும் வழக்கறிஞர், மருத்துவர் ஆகியோரின் நிலை எப்போதும் சற்று உயர்ந்தே இருந்துள்ளது. வழக்கறிஞரின் அலுவலகம் கேரளச் சட்டத்தின் பொருளில் வாணிக நிறுவனம் ஆகாது என்று 1984-இல் உச்சநீதிமன்றம் கூறியது. நொய்டாவில் குடியிருப்பு மனைகளில் நடந்த வங்கிக் கிளைகளைப் பற்றிய வழக்கில் 2011 டிசம்பரில் அதே நீதிமன்றம் மிகக் கண்டிப்பாய் நின்று, அவை வெளியேற வேண்டும் என ஆணையிட்டது. ஆனால் மருத்துவர், வழக்கறிஞர், கட்டிடக் கலைஞர் ஆகியோர் தம் வீட்டுத் தரைத்தளத்தில் 30 விழுக்காட்டைத் தொழிலுக்குப் பயன்படுத்தலாம் என்றும் விட்டுக்கொடுத்தது. லண்டன் மருத்துவரின் அறையை இங்கே நாம் மீண்டும் காண்கின்றோம். தீர்ப்பு எழுதுவோர் ஒரு காலத்தில் வீட்டு முன்னறையில் கட்சிக்காரரைச் சந்தித்தவர்களே என்று குறும்பாகச் சொல்வாரும் உளர். பெருங்கூட்டம் சேராத அறிவுத் தொழில் என்பதே ஏற்கத்தக்க காரணம் என நாம் கொள்வோம். ஆனால் மாலைவேளையில் பேர்பெற்ற மருத்துவர் ஒருவரின் வீட்டு வாயிலைக் கண்டவர்க்கு அக்காரணமும் முழுதாய் நிறைவளிக்காது.

வரைபடம் மாறும்போது பக்கத்து வீட்டுக்காரர்க்கு எஞ்சி நிற்பது, மாற்றத்திற்கு முன் தம் சொல்லைக் கேட்கவேண்டும் என்ற உரிமை. தில்லி வளர்ச்சிச் சட்டப்படி பெருந்திட்டத்தைத் திருத்துமுன் பொது அறிவிப்பு வெளியிட்டு ஆட்சேபணைகளைக் கேட்டல் வேண்டும். சிறிய உரிமை போல் தோன்றும். ஆனால் பெரும்போர் நடந்தது அதன்மேல்தான். 2017 டிசம்பரில் முத்திரையிடல் மீண்டும் தொடங்கியதும், கடைக்காரரின் அபராதக் கட்டணத்தைப் பத்து மடங்கிலிருந்து இரண்டு மடங்காகக் குறைப்பது உள்ளிட்ட திருத்தங்கள் 2018 பிப்ரவரியில் முன்வைக்கப்பட்டன. ஆட்சேபணை தெரிவிக்கத் தரப்பட்ட காலம் மூன்றே நாள். அறிவிப்பைப் படித்து, பொருள் உணர்ந்து, விண்ணப்பம் எழுதி, கையொப்பம் சேர்க்க ஒரு தெருவுக்கு மூன்று நாள் போதுமா? மார்ச்சு மாதத்தில் உச்சநீதிமன்றம் அத்திருத்தங்களை நிறுத்திவைத்தது. மே மாதத்தில் தன் ஆணையைத் தளர்த்தியபோது, மீண்டும் அறிவிப்பு வெளியிட்டு 15 நாள் அவகாசம் தந்து ஆட்சேபணைகளைக் கேட்குமாறு பணித்தது.

2041-ஆம் ஆண்டை நோக்கிய பெருந்திட்டத்தின் வரைவு 2021 ஜூன் மாதத்தில் வெளியிடப்பட்டபோது முதலில் 45 நாளும், பின்னர் அதனை நீட்டி 75 நாளும் தரப்பட்டன. ஏறத்தாழ 33,000 ஆட்சேபணைகளும் யோசனைகளும் வந்து குவிந்தன. அவற்றுள் ஒன்று எம் தெருப் பெரியவருடையது. விருந்துக் கூடத்தின் ஒலிபெருக்கி அப்போதும் ஓயவில்லை. அவர் சொல்லச் சொல்ல நாம் எழுதினோம். 'ஆட்சேபிப்பவருக்கு உள்ள உரிமை' என்று அச்சிடப்பட்ட இடம் எதுவும் படிவத்தில் இல்லை. ஆகையால் முதற் பத்தியிலேயே, 1974-ஆம் ஆண்டு உடுப்பி வழக்கின்படி, இத்தெருவில் வசிப்பவர் என்ற முறையில், என்று தொடங்கினோம்.